எழுத்தில் மந்திரம்: உங்கள் மாயக் கதைக்கு எந்த முறை?

மாயக் கதை எழுதும் நண்பர்கள் அடிக்கடி ஒரே இடத்தில் வந்து மாட்டிக்கொள்கிறார்கள். தங்கள் உலகில் மந்திரம் வாயால் சொல்வதில் இல்லை, எழுதுவதில்தான் இருக்கிறது என்று முடிவு செய்துவிடுகிறார்கள். நாயகி கல்லில் ஏதோ கீறுகிறாள், அது ஒளிர்கிறது. அதுவரை சரி. அவள் கீறியது என்ன, ஏன் அது வேலை செய்கிறது, பக்கத்து வீட்டுக்காரர் அதையே பார்த்து எழுதினால் என்ன ஆகும் என்று கேட்டால் பதில் இல்லை. வடக்கு ஐரோப்பாவின் பழைய ரூன் எழுத்துப் போல வைத்துக்கொள்ளலாமா, சக்கரம் போலவா, தாயத்துச் சீட்டுப் போலவா என்று மாதக்கணக்கில் ஊசலாடுகிறார்கள்.

நானும் ஊசலாடியவன்தான். சில வருடங்களுக்கு முன் நண்பர்களோடு ஆட ஒரு கதை விளையாட்டு செய்தேன். இருபத்து நான்கு குறிகள், ஒவ்வொன்றுக்கும் பெயர், ஒவ்வொன்றுக்கும் ஓர் ஆற்றல். இரண்டாவது வாரமே எல்லோர் கையிலும் ஒரு துண்டுச் சீட்டு வந்துவிட்டது. "பதினேழாவதைப் போடுறேன்" என்றான் ஒருவன். குறியின் பெயர்கூட அவனுக்குத் தேவைப்படவில்லை. அங்கே இருந்தது மந்திரம் இல்லை, ஓட்டல் விலைப்பட்டியல்.

## முதலில் எதை வைத்து எடைபோடுவது

நான்கு கேள்விகள் போதும் என்று நினைக்கிறேன். நான்கும் ஒரே எடை இல்லை. முதல் கேள்விக்குத்தான் பாதி மதிப்பெண்.

பிழை எப்படி நடக்கும்? வாயால் சொன்ன மந்திரம் தவறினால் காற்றோடு போய்விடும். எழுதியது அங்கேயே கிடக்கும். நாளை இன்னொருவர் அதைப் படிப்பார், தப்பாகப் படிப்பார், பாதி அழிந்த பிறகு படிப்பார். எகிப்தின் பிரமிடுக் கல்லறைகளில் எழுதியவர்கள் இதை நன்றாக உணர்ந்திருந்தார்கள். பாம்பு, சிங்கம் போன்ற எழுத்துருக்களைச் சில இடங்களில் வெட்டுப்பட்டது போலவோ அரைகுறையாகவோ வரைந்தார்கள். கல்லறைக்குள் எழுத்து உயிர்பெற்று, படுத்திருப்பவரைக் கடித்துவிடக் கூடாதே! எழுத்து மந்திரத்தின் சுவை முழுக்க இந்தப் பயத்தில்தான் இருக்கிறது.

விலை என்ன? மையா, நேரமா, உடம்பா? விலையே இல்லாத மந்திரம் இருந்தால் கதை மூன்றாம் அத்தியாயத்தில் முடிந்துவிடும்.

நகல் எடுத்தால் வேலை செய்யுமா? எழுத்தின் இயல்பே நகல்தான். உங்கள் உலகில் ரப்பர் ஸ்டாம்ப் ஒன்றைச் செய்து ஆயிரம் முறை குத்த முடியாது என்றால், ஏன் முடியாது? வாசகர் கட்டாயம் கேட்பார்.

பக்கத்தில் எப்படித் தெரியும்? இதைப் பலரும் மறந்துவிடுகிறார்கள். வாசகர் கையில் இருப்பது எழுத்து மட்டும்தான். நீங்கள் மனதில் பார்க்கும் அழகான வளைவு அவருக்குத் தெரியாது.

ஒப்பிட வசதியாக ஒரே காட்சியை எல்லா முறைக்கும் வைத்துப் பார்ப்போம். ஐப்பசி மழை. ஏரி நிரம்பி, உபரி நீர் வழியும் கலங்கலில் போகிற தண்ணீர் போதாமல், கரை ஓரிடத்தில் கசியத் தொடங்கிவிட்டது. நடு இரவு. நாயகியிடம் எழுதுகருவி ஒன்று இருக்கிறது. என்ன எழுதுவாள்?

## முறை 1: ஓர் எழுத்து, ஓர் ஆற்றல்

வடக்கு ஐரோப்பாவின் ரூன் வழி. பழைய ஃபுதார்க் என்ற ரூன் எழுத்து வரிசையில் 24 எழுத்துகள். பிற்பாடு ஸ்காண்டிநேவியாவில் அவை 16 ஆகக் குறைந்தன. அவற்றின் பெயர்களாக நமக்குக் கிடைப்பவை பொருளுள்ள சொற்கள்: ஒன்று செல்வம், ஒன்று பனிக்கட்டி, ஒன்று நீர். ஒலியைக் குறிக்கும் எழுத்தே ஒரு பொருளையும் சுமப்பதால், கதாசிரியர்கள் ஓடிவந்து எடுத்துக்கொள்வதில் வியப்பில்லை.

காட்சியில் போட்டுப் பார்ப்போம். நாயகி மதகுக் கல்லில் பனிக்கட்டிக்கான எழுத்தைக் கீறுகிறாள், தண்ணீர் உறைகிறது. பார்க்க அட்டகாசம். ஆனால் அந்த எழுத்து வெறும் ஒற்றைச் செங்குத்துக் கோடு. அப்படியானால் கல்லில் தற்செயலாக விழுந்த ஒவ்வொரு கீறலும் பனிக்கட்டிதானே? மாடு கொம்பால் உரசினாலும் ஏரி உறைய வேண்டும். எழுதியவரின் எண்ணமும் சேர வேண்டும் என்று விதி போடலாம். போட்ட அந்த நிமிடமே ஆற்றல் எழுத்திலிருந்து எண்ணத்துக்குப் போய்விடுகிறது, எழுத்து வெறும் அலங்காரமாகிவிடுகிறது.

இந்த மரபின் உண்மையான வலிமை வேறிடத்தில் இருக்கிறது. ஐஸ்லாந்தின் பழங்கதையான எகில் சாகாவில் ஒரு காட்சி வரும். ஒரு வீட்டில் பெண் நோயாய்ப் படுத்திருக்கிறாள். எகில் அவள் படுக்கையில் தேடி, ரூன்கள் செதுக்கிய திமிங்கில எலும்பு ஒன்றை எடுக்கிறான். ஓர் இளைஞன் அவள் மனதைக் கவர நினைத்துச் செதுக்கியது. எழுதத் தெரியாமல் எழுதியதால் நோயாகிவிட்டது. எகில் அந்த எழுத்துகளைச் சுரண்டி நெருப்பில் போட்டு, புதிதாகச் செதுக்கித் தலையணைக்கு அடியில் வைக்கிறான். பெண் தேறுகிறாள். ஆசை, அரைகுறைப் படிப்பு, அதன் பாதிப்பு, திருத்தம் எல்லாம் ஓர் எலும்புத் துண்டில் அடங்கிவிட்டன. ரூன் முறையை எடுப்பவர்கள் 24 ஆற்றல்களின் அட்டவணையை விட்டுவிட்டு இந்த எலும்பைப் பிடித்துக்கொண்டால் பிழைப்பார்கள்.

மறைந்திருக்கும் செலவுகள் இரண்டு. ஒன்று, தேய்வு: விளையாட்டிலும் படத்திலும் பார்த்துப் பார்த்து வாசகருக்கு அலுத்திருக்கும். 'வைக்கிங் காலத்துத் திசைகாட்டிக் குறி' என்று பச்சை குத்திக்கொள்ளும் வெக்விசிர்கூட 1860இல் ஐஸ்லாந்தில் எழுதிய ஒரு கையேட்டில்தான் கிடைக்கிறது. விவரம் தெரிந்த வாசகர் பிடித்துவிடுவார். இன்னொன்று கொஞ்சம் கனமானது. ஹிட்லரின் எஸ்.எஸ். படை இரட்டை மின்னலாக அணிந்தது ரூனிலிருந்து எடுத்த குறி. அட்டைப்படத்துக்கு ஓவியர் எதை வரைகிறார் என்று ஒருமுறை பார்த்துவிடுங்கள்.

யாருக்கு ஏற்றது: சிறுவர் கதைக்கும், வேகமான சாகசக் கதைக்கும். குறிகள் ஐந்தாறைத் தாண்டக் கூடாது.

## முறை 2: கட்டமும் கோடும்

இது நமக்குப் பழக்கமானது. செப்புத் தகட்டில் சக்கரம், கட்டங்களுக்குள் எழுத்து அல்லது எண். திருமந்திரத்தின் நான்காம் தந்திரத்தில் பல இடங்களில் இப்படிச் சக்கரங்கள்தான். திருவம்பலச் சக்கரத்தில் ஐந்தெழுத்தே கட்டங்களில் இடம் மாறி மாறி வருகிறது. இங்கே ஆற்றல் எழுத்தில் இல்லை, எழுத்து உட்கார்ந்திருக்கும் இடத்தில்.

இந்த முறைக்கு ஒரு தனிச் சிறப்பு: தன் பிழையைத் தானே காட்டிக்கொடுக்கும். கஜுராஹோவில் பார்சுவநாதர் கோயிலில் செதுக்கியிருக்கும் நாலுக்கு நாலு சதுரத்தைப் பாருங்கள். கடைசிக் கட்டத்தை வேண்டுமென்றே விட்டிருக்கிறேன்.

| | | | |
|---|---|---|---|
| 7 | 12 | 1 | 14 |
| 2 | 13 | 8 | 11 |
| 16 | 3 | 10 | 5 |
| 9 | 6 | 15 | ? |

எந்த வரிசையைக் கூட்டினாலும் 34. நெடுக்காகக் கூட்டினாலும் 34. குறுக்காகவும் அப்படியே. இப்போது ஏரிக்கரைக்கு வாருங்கள். கொட்டும் மழையில் நாயகி பதினைந்து கட்டம் நிரப்பிவிட்டாள். பதினாறாவது எண் ஞாபகம் வரவில்லை. காலடியில் மண் நழுவுகிறது. வாசகர் அவளுக்கு முன்னால் கூட்டிப் பார்த்துவிடுவார்! நான் பார்த்தவரை, வாசகரை மந்திரவாதியின் பக்கத்தில் உட்கார வைக்க இதைவிட எளிய வழி இல்லை.

நகல் கேள்விக்கும் பதில் மரபிலேயே தயாராக இருக்கிறது. தகட்டில் கீறினால் மட்டும் போதாது, மந்திரத்தைத் திரும்பத் திரும்பச் சொல்லி உருவேற்ற வேண்டும். ஒரு மண்டலம், நாற்பத்தெட்டு நாள் என்று கணக்குச் சொல்வார்கள். ஆக, விலை என்பது நேரம். கடையில் அச்சடித்த தகடு வெறும் தகடு.

சிக்கல் பக்கத்தில்தான் வருகிறது. "அறுகோணத்துக்குள் வட்டம், வட்டத்துக்கு வெளியே எட்டு இதழ், ஒவ்வொரு இதழிலும்..." என்று எழுத ஆரம்பித்தால் மூன்றாவது வரியில் வாசகர் தாவிவிடுவார். படம் போட இடமில்லாத நாவலில் இந்த முறை நொண்டும். இன்னொரு செலவும் உண்டு. சக்கரம் இன்றும் பூஜை அறையில் இருக்கும் பொருள். உங்கள் வில்லன் அதை வைத்து ஊரை எரித்தால், வாசகரின் பாட்டி வீட்டு விளக்குப் பக்கத்தில் இருப்பதை எரித்தது போல் இருக்கும். வடிவத்தை நீங்களே புதிதாகக் கட்டுங்கள், கூட்டுத்தொகை விதியை மட்டும் எடுத்துக்கொள்ளுங்கள். கோலத்திலிருந்து புள்ளிக் கணக்கை எடுக்கலாம் என்பது என் கட்சி. தினமும் விடியலில் போட்டு மாலைக்குள் கால்பட்டு அழியும் காவல் என்றால், கதைக்கு ஒரு கடிகாரமே கிடைத்துவிடுகிறது.

யாருக்கு ஏற்றது: பலகை விளையாட்டு, சித்திரக்கதை, கணினி விளையாட்டு. நாவலுக்கு அரைமனதாகத்தான் சொல்வேன்.

## முறை 3: ஆணைச் சீட்டு

சீனத்தின் தாவோ மரபில் இதை 'ஃபூ' என்கிறார்கள். மஞ்சள் தாளில் சிவப்பு மையால் எழுதுவது. ஒட்டிவைப்பார்கள், எரிப்பார்கள், சாம்பலைத் தண்ணீரில் கரைத்துக் குடிக்கக் கொடுப்பார்கள். கி.பி. 184இல் ஹான் பேரரசையே உலுக்கிய மஞ்சள் தலைப்பாகைக் கலகத்தின் தலைவர் ஜாங் ஜுவே, நோயாளிகளுக்கு இந்தச் சீட்டுத் தண்ணீர் கொடுத்துத்தான் கூட்டம் சேர்த்தார்.

என்னைக் கவர்ந்தது 'ஃபூ' என்ற சொல்லின் பழைய பொருள். இரண்டாகப் பிளந்த அடையாளச் சின்னத்துக்குத்தான் முதலில் அந்தப் பெயர். பாதி மன்னரிடம், பாதி தளபதியிடம். இரண்டும் பொருந்தினால்தான் படை நகரும். அதாவது இந்தச் சீட்டு வேண்டுதல் இல்லை, உத்தரவு. இதில் எழுதும் ஒரு முடிப்பு வாசகமே ஹான் அரசின் அலுவலகக் கடிதங்களிலிருந்து வந்தது: 'சட்டப்படி, ஆணைப்படி, உடனே உடனே' என்று பொருள். பேயை விரட்டும் சீட்டில் 'மிக அவசரம்' முத்திரை! நம் ஊர் அலுவலகத்தில் கோப்புக்குப் பின்னால் அலைந்த யாருக்கும் இது உடனே பிடிபடும்.

நகல் கேள்வி இங்கே ஒரே அடியில் தீர்ந்துவிடுகிறது. தாவோ குருவுக்குத் தீட்சையின்போது ஒரு பதிவேடு தருவார்கள், அவர் எந்தெந்தத் தேவ சேனைக்கு ஆணையிடலாம் என்ற பட்டியல். பதிவேட்டில் இல்லாதவர் அச்சு அசலாக எழுதினாலும் அது வெறும் காகிதம். கையெழுத்து ஒன்றாக இருந்து என்ன பயன், பதவி வேண்டாமா?

ஏரிக்கரையில் நாயகி ஒரு கீழ்நிலை எழுத்தர் என்று வையுங்கள். தண்ணீருக்கு ஆணையிடும் அதிகாரம் அவளுடைய மேலதிகாரிக்கு. அவர் ஊரில் இல்லை. அவள் அவர் முத்திரையைத் திருடிக் குத்துகிறாள். தண்ணீர் நிற்கிறது, கரை பிழைக்கிறது. மறுநாள் காலை மேலுலகத்திலிருந்து விளக்கம் கேட்டு ஓலை வருகிறது. மற்ற முறைகளில் இந்தக் காட்சி ஏரிக்கரையோடு முடிந்துவிடும். இங்கே கதை அடுத்த நாள் காலைதான் தொடங்குகிறது.

விலையும் பொருளிலேயே ஒளிந்திருக்கிறது. சிவப்பு மைக்குச் சாதிலிங்கம் சேர்ப்பார்கள். பாதரசமும் கந்தகமும் கூடிய தாது அது. பாதரச நஞ்சு நாள்பட ஏறினால் கை நடுங்கும். நிறைய எழுதியவர் மெல்ல மெல்ல நேர்கோடு போட முடியாதவர் ஆவார் என்று உங்கள் உலகில் ஒரு விதி வைத்தால், தலைசிறந்த எழுத்தரே மிக ஆபத்தான எழுத்தர் ஆகிவிடுகிறார். இதைக் கற்பனையில் தேட வேண்டியதில்லை, மைக்கூட்டிலேயே இருக்கிறது.

சரி, செலவு? ஓர் அரசாங்கத்தையே நீங்கள் கட்ட வேண்டும். யார் யாருக்கு மேல், யார் கையெழுத்து எங்கே செல்லும், மேல்முறையீடு உண்டா என்றெல்லாம் யோசித்து வைக்காவிட்டால் நடுவில் ஓட்டை விழும். சிறுகதைக்கு இது பெருஞ்சுமை. சீனப் பெயர்களையும் உடைகளையும் அப்படியே இறக்கினால் இரவல் நாடகம் போலவும் தெரியும். எடுக்க வேண்டியது அதிகாரத்தின் தர்க்கத்தைத்தான்.

யாருக்கு ஏற்றது: நீண்ட தொடர்கள், அரசியல் சூழ்ச்சி, அங்கதம். இந்த மூன்றில் ஒன்றை எழுதுகிறீர்கள் என்றால் மேற்கொண்டு யோசிக்கவே வேண்டாம்.

## முறை 4: எழுத்தைக் கூட்டுவது

இங்கே தனி எழுத்துக்கு ஆற்றல் மிகக் குறைவு. எழுத்துகள் சேர்ந்து சொல்லாகும்போது உலகம் அசைகிறது. யூத மரபின் 'செஃபர் யெட்சிரா' 22 எழுத்துகளை இரண்டிரண்டாக இணைத்து 231 வாசல்கள் என்று கணக்கிடுகிறது. உலகமே அந்த இணைப்புகளால் ஆனது. களிமண் மனிதன் கோலெம் கதை பலரும் அறிந்தது. நெற்றியில் 'எமெத்' என்றிருக்கும், உண்மை என்று பொருள். முதல் எழுத்தை அழித்தால் மிஞ்சுவது 'மெத்', இறந்தான். ஒரே ஓர் எழுத்துதான் உயிருக்கும் சாவுக்கும் நடுவில்.

தமிழில் எழுதுபவர்கள் இதைப் படித்துவிட்டு ஏன் ஹீப்ரூவில் நாயகியை எழுத வைக்கிறார்கள் என்பது எனக்கு இன்றுவரை புரியவில்லை. செய்யுளுக்கு இலக்கணம் சொல்லும் நம் பாட்டியல் நூல்கள் அமுத எழுத்து, நச்செழுத்து என்றே பிரித்து வைத்திருக்கின்றன. க, ச, த, ந, ப, ம, வ போன்றவை அமுதம். யா, யோ, ரா, ரோ, லா, லோ போன்றவை நஞ்சு. பாட்டின் முதலில் வந்தால் பாட்டுடைத் தலைவனுக்குக் கேடு. பல்லவ மன்னன் மூன்றாம் நந்திவர்மன் தன்மேல் பிறர் பாடிய கலம்பகத்தைப் பந்தல் பந்தலாக உட்கார்ந்து கேட்டு, கடைசிப் பந்தலில் எரிந்து மாண்டான் என்ற கதை இந்த நம்பிக்கையிலிருந்துதான் பிறக்கிறது. வரலாறா என்பது வேறு விஷயம். மந்திர முறை என்று பார்த்தால், இலக்கண விதியும் கொலையும் ஒன்றாக வரும் இடம் எங்கே கிடைக்கும்?

இனி ஏரிக்கரை. நாயகி பதறிப்போய் 'கரை' என்று எழுதுகிறாள். கரை நிற்க வேண்டும் என்பது அவள் நினைப்பு. எழுத்து அதை ஏவலாகப் படிக்கிறது: கரை! மண் கரைகிறது. அழித்துவிட்டு 'அணை' என்கிறாள். கையிலிருந்த பந்தம் அணைந்துவிடுகிறது. இருட்டில், ஓலையில், எழுத்தாணியால் 'கல்' என்று கீறுகிறாள். ஓலையில் பழைய வழக்கப்படி புள்ளி வைக்கவில்லை. புள்ளி குத்தினால் ஓலை கிழியும். புள்ளியில்லாத 'கல்' என்ன? 'கல'. மண்ணும் நீரும் கலக்கின்றன.

இந்த மூன்று பிழையும் நான் கண்டுபிடித்தவை அல்ல. மொழியிலேயே கிடந்தன. ஓலைச்சுவடியில் மெய்க்குப் புள்ளி இருக்காது, எகர ஒகரக் குறில் நெடில் வேறுபாடு தெரியாது, காலும் ரகரமும் ஒன்றாகவே தெரியும். பதிப்பாசிரியர்கள் தலையை உடைத்துக்கொண்ட இடமெல்லாம் நமக்கு வெடிமருந்துக் கிடங்கு. எல்லாவற்றுக்கும் மேல், 'கல்' என்று அச்சில் வந்தால் வாசகர் பார்ப்பது மந்திரத்தின் வருணனை இல்லை, மந்திரமே. மற்ற மூன்று முறையாலும் இது ஆகாது.

ஒரு பெரிய ஓட்டையை அடைத்தாக வேண்டும். எல்லாச் சொல்லும் வேலை செய்தால் பால் கணக்கும் மளிகைச் சீட்டும் வெடிக்குமே? யாப்பை வாசல் ஆக்குங்கள். வெண்பாவின் கடைசிச் சீர் நாள், மலர், காசு, பிறப்பு என்ற நான்கு வாய்பாட்டில் ஒன்றாக முடிய வேண்டும் என்பது விதி. அந்தக் கடைசிச் சீர் பூட்டு விழும் ஒலி என்று வையுங்கள்; அது விழும்வரை எழுதியது வெறும் மை. நாயகியின் தனிச்சொற்கள் எப்படி வேலை செய்தன என்று நீங்கள் கேட்டால், நியாயம்; என் விதிப்படி ஏற்கெனவே யாரோ பூட்டிவைத்த வெண்பாவுக்குள் ஒரு சொல்லை மட்டும் மாற்றுகிறாள். வேறு விதியும் செய்யலாம், ஆனால் ஏதாவது ஒன்று வேண்டும்.

செலவு உங்கள் தலையில். யாப்பு தெரியாமல் இந்த முறையைத் தொட்டால் வாசகர்களில் ஒரு தமிழாசிரியர் தளை தட்டுவதைக் காட்டிவிடுவார். மொழிபெயர்ப்பு நடக்காது, 'கரை' வேறு மொழியில் கரையாது. எழுத்தறிவே ஆற்றல் என்றால், யாருக்குப் படிப்பு மறுக்கப்பட்டது என்ற கேள்வியையும் கதை சந்தித்தாக வேண்டும். அதைச் சந்திக்காமல் நழுவும் கதையை நான் பாதியில் மூடிவிடுவேன்.

யாருக்கு ஏற்றது: தமிழ் வாசகருக்காகவே எழுதும் நாவல், குறுநாவல், சிறுகதை.

## ஒரே பார்வையில்

| | 1. தனி எழுத்து | 2. கட்டம் | 3. ஆணைச் சீட்டு | 4. கூட்டுச் சொல் |
|---|---|---|---|---|
| பிழை | தப்பாகச் செதுக்குவது | கணக்குத் தவறு | அதிகார மீறல் | இருபொருள், புள்ளி, தளை |
| விலை | நீங்களே வைக்க வேண்டும் | நேரம் | மை, உடம்பு, பதவி | படிப்பு |
| நகல் | எளிது, அதுவே ஓட்டை | உருவேற்றாமல் பயனில்லை | பதிவு இல்லாமல் பயனில்லை | யாப்பால் தடுக்கலாம் |
| பக்கத்தில் | சுமார் | படம் இருந்தால் அருமை | நன்று | மிக நன்று |
| ஆசிரியரின் உழைப்பு | குறைவு | நடுத்தரம் | அதிகம் | மிக அதிகம் |

## இரண்டைக் கலந்தால்?

கலக்கலாம். மூன்றும் நான்கும் நன்றாக ஒட்டும்: அதிகாரம் உள்ளவர் மட்டுமே எழுதலாம், எழுதிய சொல்லோ அவரையும் ஏமாற்றும். ஒன்றும் இரண்டும் சேர்ந்தால் பெரும்பாலும் என் பழைய துண்டுச் சீட்டில் போய்த்தான் நிற்கும். மூன்று முறைகளைச் சேர்த்து எழுதிய கையெழுத்துப் பிரதி ஒன்றைப் படித்தேன். விதிகளை விளக்கவே ஒரு கிழவர் இரண்டு அத்தியாயம் பேசினார், பாவம்.

இன்னும் முடிவு வரவில்லை என்றால் ஏரிக்கரைக் காட்சியை நான்கு முறையிலும் முறைக்கொரு பக்கம் எழுதிப் பாருங்கள். எதில் நாயகி தப்பு செய்வது உங்களுக்கே எதிர்பாராமல் வருகிறதோ அதை எடுத்துக்கொள்ளுங்கள். எனக்கு அது நாலாவதில் வந்தது. விளையாட்டுக்கு மட்டும் இரண்டாவதை வைத்திருக்கிறேன்; கடைசிக் கட்டத்தை நிரப்பியவன் அதே பதினேழாவதுக்காரன்.